மஞ்சள் எப்படிப் பிறக்கும்? ‘எழுநிறச் சபை’ விதிநூல் பற்றிய நிகழ்வு ஆய்வு

பின்னணி

ஐந்து பேர் கொண்ட ஒரு ரோல்பிளேயிங் குழு; அதாவது மேசையைச் சுற்றி உட்கார்ந்து, ஆளுக்கொரு கதாபாத்திரமாகப் பேசி, பகடை உருட்டிக் கதையை நகர்த்தும் ஆட்டம். ஒருவர் கதையை நடத்தித் தீர்ப்புச் சொல்லும் கேம் மாஸ்டர், நால்வர் ஆட்டக்காரர்கள். மாஸ்டராக இருந்த பெண் மற்றவர்களைவிட மூத்தவர் என்பதால் எல்லாரும் அவரை அக்கா என்றே அழைத்தனர். ஆட்டக்காரர்களில் ஒருவர் அச்சகத்தில் மை கலப்பவர், ஒருவர் நாடக மேடைக்கு விளக்கு அமைப்பவர், ஒருவர் கணக்காளர், இன்னொருவர் கல்லூரி மாணவி. நான் அந்தக் குழுவில் ஆடவில்லை. விதிநூல் சிக்கலில் மாட்டிய பிறகு அதைத் திருத்தித் தர அழைக்கப்பட்டேன். அப்புறம் ஆட்டம் முடியும்வரை உடன் இருந்து குறிப்பெடுத்தேன். ஆகவே கீழே வருவதில் முதல் பகுதி அவர்கள் சொல்லிக் கேட்டது, மீதி நேரில் பார்த்தது.

ஆட்டத்தின் மையத்தில் இருந்தது எழுநிறச் சபை என்ற கற்பனை மாயச் சங்கம். நிறமே மந்திரம் என்று நம்பும் துறவிகள். புதிதாகச் சேர்கிறவர் சாயமேறாத வெள்ளாடை உடுத்துவார். சிவப்பில் தொடங்கி ஊதாவரை ஏழு படிகள் ஏறுவார். ஒவ்வொரு படிக்கும் ஒரு மடம், ஒரு நிறக்கல், ஒரு சக்தி. இரண்டு கற்களை ஒரே கையில் இறுக்கிப் பிடித்தால், அவை கலந்து பிறக்கும் மூன்றாம் நிறத்தின் சக்தி கிடைக்கும். ஏழையும் சேர்த்துப் பிடித்தால் வெண்மை. அது சபைத் தலைவருக்கு மட்டுமே உரியது. மேசைமேல் நிஜமாகவே வண்ணக் கண்ணாடிக் கோலிகள் ஒரு கிண்ணத்தில் இருந்தன. ஆட்டக்காரர் கையில் கோலியை எடுத்துத்தான் மந்திரத்தைச் சொல்ல வேண்டும்.

கேட்பதற்கு அழகான அமைப்பு. சிக்கலும் இதற்குள்ளேயேதான் இருந்தது.

தொடக்கத்தில் கண்டவை

முதல் சில செஷன்களில் யாரும் சண்டை போடவில்லை. யாரும் பெரிதாக ஈடுபடவும் இல்லை. விதிநூலின் நடுப்பக்கத்தில் ஓர் அட்டவணை: சிவப்பு என்றால் சினம், நீலம் என்றால் அமைதி, பச்சை என்றால் வளம், ஊதா என்றால் மரணம். எதிரி கோபமாக வந்தால் நீலக்கல், காயம் பட்டால் பச்சைக்கல். இரண்டு செஷனுக்குள் எல்லாருக்கும் மனப்பாடம் ஆகிவிட்டது. மந்திரம் என்பது சரியான பொத்தானை அழுத்துவது என்று சுருங்கிப்போனது.

இப்படிப்பட்ட அட்டவணையில் தவறில்லை, ஆனால் அது மட்டுமே இருந்தால் ஆட்டம் நகராது. 1888இல் லண்டனில் தொடங்கிய கோல்டன் டான் என்ற நிஜமான மறைஞானச் சங்கமும் நிறங்களுக்கு நான்கு தனித்தனி அட்டவணைகள் வைத்திருந்தது. ஆனால் அதோடு நிற்கவில்லை. எதிர்நிறங்களை அருகருகே தீட்டினால் அவை மின்னுவதுபோல் தோன்றுவதைத் தன் சடங்குப் படங்களில் பயன்படுத்திக்கொண்டது. சிவப்புக்குப் பக்கத்தில் பச்சையை வைத்தால் ஓரம் துடிக்கும். பார்க்கிறவர் எதை நம்பினாலும் நம்பாவிட்டாலும் துடிக்கும். எழுநிறச் சபையின் விதிநூலில் அப்படி, நிறம் தானாகச் செய்யும் வேலை எதுவும் இல்லை. பொருள் சொல்லும் பட்டியல்தான் இருந்தது.

மஞ்சள் தகராறு

ஒரு முற்றுகைக் காட்சி. கோட்டை வாசலில் காவலர்கள். மேடை விளக்குக்காரர் சிவப்பையும் பச்சையையும் எடுத்து உள்ளங்கையில் மூடிக்கொண்டு, “மஞ்சள்” என்றார். மஞ்சளின் சக்தி கண்ணைக் கூசச் செய்வது. மை கலப்பவர் உடனே மறித்தார்: “சிவப்பையும் பச்சையையும் கலந்தா சேறுதான் வரும். தினமும் என் கையிலதான கழுவுறேன்.” “மேடையில மஞ்சளே அப்படித்தான் கொண்டு வர்றேன்” என்றார் மற்றவர்.

அக்கா விதிநூலைப் புரட்டினார். மஞ்சள் மூலநிறம், கலந்து பிறப்பதல்ல என்று அதில் இருந்தது. சேறு என்று தீர்ப்பு. விளக்குக்காரர் கோலிகளைக் கிண்ணத்தில் போட்டுவிட்டு அன்று முழுவதும் பேசவில்லை. இதன் பிறகுதான் என்னை அழைத்தார்கள்.

நான் கலந்துகொண்ட முதல் சந்திப்பில் ஆட்டம் நடக்கவில்லை. விளக்குக்காரர் இரண்டு டார்ச்சுகளின் முகப்பில் சிவப்பு, பச்சை ஜெல் தாள்களை (மேடை விளக்குக்கு நிறம் தரும் ஒளி ஊடுருவும் தாள்கள்) ரப்பர் வளையம் போட்டு இறுக்கிக் கொண்டு வந்திருந்தார். அறை விளக்கை அணைத்துவிட்டு வெள்ளைச் சுவரில் இரண்டு வட்டங்களை அடித்தார். மெல்ல நகர்த்தி ஒன்றின்மேல் ஒன்று ஏறவிட்டதும், ஏறிய இடம் மட்டும் எலுமிச்சை மஞ்சளாக ஒளிர்ந்தது. நடுவில் விரலை நீட்டினார். சுவரில் இரண்டு நிழல்கள் விழுந்தன, ஒன்று சிவப்பு, ஒன்று பச்சை. மை கலப்பவர் ஒன்றும் சொல்லாமல் ஒரு தட்டில் சிவப்பு, பச்சைச் சாயங்களைப் பிதுக்கிக் குச்சியால் குழைத்தார். பழுப்புச் சேறு. இருவர் சொன்னதும் சரி.

காரணம் எளிது. ஒளி சேரும்போது கூடுகிறது. சாயம் சேரும்போது குறைகிறது. நம் விழித்திரையில் மூன்று வகைக் கூம்பு செல்கள் உள்ளன. ஏறக்குறைய 580 நானோமீட்டர் அலைநீளமுள்ள தூய மஞ்சள் ஒளி அவற்றில் இரண்டைத் தூண்டும். சிவப்பு ஒளியும் பச்சை ஒளியும் தகுந்த அளவில் சேர்ந்து வந்தாலும் அதே இரண்டும்தான் தூண்டப்படும். கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. சாயமோ தன்மேல் விழும் ஒளியில் ஒரு பகுதியை விழுங்கிவிட்டு மிச்சத்தைத் திருப்பி அனுப்புவது. சிவப்புச் சாயம் பச்சையை விழுங்கும், பச்சைச் சாயம் சிவப்பை விழுங்கும். இரண்டையும் குழைத்தால் திரும்பி வர அதிகம் மிஞ்சாது.

விதிநூலை இந்தக் கண்ணோடு படித்தபோது கோளாறு தெரிந்தது. ஏழும் சேர்ந்தால் வெண்மை என்ற விதி ஒளியின் கணக்கு. மஞ்சள் மூலநிறம், மஞ்சளும் நீலமும் பச்சை என்ற கலவை விதிகள் சாயத்தின் கணக்கு. ஒரே கையிலுள்ள கற்கள் இரண்டாக இருக்கும்போது சாயமாகவும் ஏழாக இருக்கும்போது ஒளியாகவும் நடந்துகொண்டன. அந்த முற்றுகை இல்லாவிட்டாலும் என்றாவது ஒருநாள் இது வெடித்திருக்கும்.

எடுத்த முடிவும் காரணமும்

மூன்று வழிகள் பேசப்பட்டன. ஏதாவது ஒரு கணக்கைச் சட்டமாக்குவது. கலவையையே விதிநூலிலிருந்து எடுத்துவிடுவது. இரண்டையும் உண்மையாக விட்டுச் சபையையே இரண்டாகப் பிளப்பது. முதல் வழியை அக்கா விரும்பினார், வேகமாக முடியும் என்பதால். மாணவி இரண்டாவதைச் சொன்னார். நான் மூன்றாவதற்கு வாதாடினேன். மேசையில் இருந்த இருவரும் தங்கள் தொழிலில் நாள்தோறும் கைகளால் தெரிந்துகொண்ட உண்மையைப் பேசினார்கள். அதில் ஒன்றைச் செல்லாது என்று அறிவிப்பதைவிட, அந்தச் சண்டையைக் கதைக்குள் துறவிகளின் சண்டையாக நகர்த்துவதுதான் லாபம். நிஜ வரலாற்றிலும் நிறம் பற்றிய சண்டை சின்னதாக இருக்கவில்லை. 1704இல் நியூட்டனின் ஒளியியல் நூல் வெளிவந்தது. நூறாண்டு கழித்து, 1810இல், கவிஞர் கேதே அதை எதிர்த்துத் தன் நிறக் கோட்பாட்டை வெளியிட்டார். ஒளியின் இயற்பியலில் கேதே தோற்றார். ஆனால் நிற நிழல்களையும் கண்ணில் தங்கும் பின்பிம்பங்களையும் அவர் கவனித்து எழுதியவை இன்றும் மதிக்கப்படுகின்றன.

சபை இரண்டு மரபுகளானது. சுடர் மரபினர் கற்களை விளக்கின் முன் பிடிப்பவர்கள். அவர்களுக்கு நிறம் கூடும். சாய மரபினர் கற்களை அரைத்துக் குழைப்பவர்கள். அவர்களுக்கு நிறம் குறையும். “சுடரில் கூடும், சாயத்தில் தேயும்” என்று ஒற்றை வரியில் விதி எழுதப்பட்டது. பழைய கலவைப் பக்கங்கள் கிழிக்கப்பட்டன.

இதிலிருந்து எதிர்பாராத ஒன்று கிடைத்தது. சிவப்பும் பச்சையும் சேர்ந்த சுடர் மஞ்சளைக் கண்ணால் கண்டுபிடிக்க முடியாது, ஆனால் முப்பட்டகத்தில் விட்டால் அது சிவப்பாகவும் பச்சையாகவும் பிரிந்துவிடும்; தூய மஞ்சள் பிரியாது. ஆகவே முப்பட்டகம் சபையில் போலி மஞ்சளைப் பிடிக்கும் கருவியானது. அதை வைத்திருப்பது யார் என்பதே இரண்டு மூன்று செஷன்களுக்குத் தீனி போட்டது.

ஏழு மடங்களும் வானவில்லில் இல்லாத நிறமும்

அடுத்த கேள்வியை மாணவி கேட்டார்: “ஏன் ஏழு?” யாரிடமும் பதில் இல்லை, வானவில்லில் ஏழு என்று பள்ளியில் படித்தது மட்டுமே. நிறமாலையில் கோடு போட்ட எல்லை எதுவும் கிடையாது. நியூட்டன் முதலில் ஐந்து நிறங்களையே முதன்மையாகச் சொன்னார்; செம்மஞ்சளையும் கருநீலத்தையும் சேர்த்து ஏழாக்கியதற்கு, இசையின் ஏழு சுரங்களோடு பொருத்திப் பார்க்க அவர் விரும்பியதே காரணம்.

இதை அக்கா அப்படியே எடுத்துக்கொண்டார். கதையில் சபையை நிறுவிய துறவி ஐந்து மடங்களே கட்டினார். எண்ணிக்கை மங்களமாக இருக்கவேண்டும் என்று பின்வந்தவர்கள் இரண்டைச் சேர்த்தார்கள். அந்த இரண்டு மடங்களிலும் சடங்குகள் நடக்கின்றன, விளக்கு எரிகிறது, ஆனால் சக்தி இல்லை. உள்ளே இருப்பவர்களுக்கு அது தெரியும், வெளியே சொல்லமாட்டார்கள். இந்த ஆட்டத்தில் அமைந்த கதைத் திருப்பங்களில் எனக்கு மிகப் பிடித்தது இதுதான். பிறகு மை கலப்பவர் தன் பங்குக்கு மஜென்டா என்ற ஊதாச்சிவப்பைக் கொண்டு வந்தார். நிறமாலையின் எந்த ஓர் அலைநீளத்திலும் மஜென்டா இல்லை. சிவப்பும் நீலமும் சேர்ந்து கண்ணில் விழும்போது மூளை தருவது அது. “நாலு மையில ஒண்ணு அதுதான். டப்பா டப்பாவா ஊத்துறேன், வானவில்லுல இல்லைன்னா எங்கேருந்து வருது?” என்று அவர் கேட்டது ஆட்டத்தில் ஒரு சாயத் துறவியின் வசனமாகவே மாறியது. வானவில்லே முழுமை என்று நம்பும் சபையில் அந்த நிறத்தை உடுத்துவது குற்றம் என்று ஆனது.

மந்திரத்தின் விலை

பழைய விதியில் ஒரு நாளுக்கு மூன்று மந்திரம் என்பதுதான் கட்டுப்பாடு. ஏன் மூன்று என்பதற்குக் காரணமில்லை. சாய மரபு வந்த பிறகு, கல்லுக்குச் சக்தியேற்ற அந்த நிறத்தின் மூலப்பொருள் வேண்டும் என்று மாற்றினோம். பொருள்களைத் தேட வெகுதூரம் போக வேண்டியிருக்கவில்லை. பண்டைய மத்தியதரைக்கடல் அரசர்களின் ஊதாச் சாயம் முரெக்ஸ் என்ற கடல் நத்தையிலிருந்து வந்தது. 1909இல் வேதியியலாளர் பால் ஃபிரீட்லாண்டர் 12,000 நத்தைகளிலிருந்து பிரித்தெடுத்தது 1.4 கிராம். இடைக்கால ஐரோப்பிய ஓவியர்களின் ஆழ்நீலம் இன்றைய ஆப்கானிஸ்தானின் படக்‌ஷான் மலைகளில் வெட்டிய லாபிஸ் லசூலி என்ற நீலக்கல்லை அரைத்துப் பெற்றது. அரிதாரம் என்ற கனிமத்தின் பொன்மஞ்சளில் ஆர்செனிக், சாதிலிங்கம் என்ற கனிமத்தின் சிவப்பில் பாதரசம். 1775இல் வேதியியலாளர் ஷேலே கண்டுபிடித்த பச்சையிலும் ஆர்செனிக்.

ஒரு செஷனுக்கு நிஜ அரிதாரத்தை வாங்கி வைக்கலாமா என்று விளக்குக்காரர் கேட்டார். கூடாது என்று அப்போதே முடிவானது. நச்சுப்பொருளை மேசையில் வைத்துவிட்டுப் பகடை உருட்டுவது விளையாட்டல்ல. படங்கள் போதும்.

விலைப்பட்டியல் அளவுமீறிப் போய்விட்டது. எத்தனை நத்தை, எத்தனை பிடி கல், எவ்வளவு நாள் பயணம் என்று கணக்கெழுதுவதிலேயே மாலை கழிந்தது. கணக்காளருக்கு மட்டும் மகிழ்ச்சி. பிறகு ஊதா, ஆழ்நீலம், மஞ்சள் மூன்றுக்கு மட்டும் விலை, மற்றவை எளிதில் கிடைக்கும் என்று வெட்டினோம். அப்படி வெட்டிய பிறகுதான் ஊதா மடத்தின் செருக்குக்கு அர்த்தம் வந்தது.

தீட்சைச் சடங்குக்கு அக்கா அவுரித் தொட்டியை எடுத்தார். அவுரியின் நீலம் நீரில் கரையாது. ஆக்சிஜன் நீக்கிய தொட்டியில் அது மஞ்சட்பச்சையாகிக் கரைந்துவிடும். வெள்ளைத் துணியை முக்கி எடுத்தால் வெளியே வருவது நீலமல்ல, வெளிறிய பச்சை. காற்றுப் படப்பட விளிம்பிலிருந்து நீலம் ஏறும். ஆட்டத்தில் புதுத் துறவியாக இருந்தது மாணவியின் கேரக்டர். அக்கா பகடையைத் தொடவே இல்லை. துணி தொட்டியிலிருந்து எழுவதை விவரித்தார், நிறுத்தினார், பச்சை என்றார், சற்றுப் பொறுத்து விளிம்பு கருக்கிறது என்றார், மடிப்பு மட்டும் இன்னும் பச்சை என்றார். மாணவி முன்னால் சாய்ந்து, “மடிப்பைப் பிரிச்சு விடுறேன்” என்றார். விதிநூலில் அப்படியொரு செயலே கிடையாது. அதுவரை அவர் சொன்ன எல்லாம் விதிநூலில் இருந்து வந்தவை.

கவனிக்கப்படாமல் இருந்த ஒன்று

டார்ச்சு நாளில் சுவரில் மஞ்சள் விழுந்ததும் மற்றவர்கள் ஆரவாரம் செய்தார்கள். கணக்காளர் மட்டும், “இதுல எதை எதிலேர்ந்து பிரிச்சுப் பார்க்கணும்னே எனக்குத் தெரியல” என்றார். முன்பும் அவர் கோலியை எடுக்கும்போது தயங்குவார், “இதுதானே பச்சை?” என்று பக்கத்தில் இருப்பவரைக் கேட்பார்; விதிகள் அவருக்குப் பதியவில்லை என்று மற்றவர்கள் நினைத்திருந்தார்கள். அவருக்குச் சிவப்பு-பச்சை நிறக்குறைபாடு. வட ஐரோப்பிய வம்சாவளி ஆண்களில் நூற்றுக்கு எட்டுப் பேர் வரை இது இருக்கிறது, மற்ற மக்களிடையே சற்றுக் குறைவு. அணுக்கொள்கையின் ஜான் டால்டனுக்கும் இருந்தது; 1794இல் தன்னைப் பற்றியே அவர் எழுதினார்.

அக்கா அவருடைய கேரக்டருக்குச் சிறப்புச் சக்தி தர முன்வந்தார். அதற்கு அடிப்படை இல்லாமலில்லை: இத்தகைய பார்வையுள்ளவர்கள் சிலவகை உருமறைப்புகளை மற்றவர்களைவிட எளிதாகக் கண்டுபிடிப்பதாக 1992இல் வெளியான ஆய்வு காட்டியிருக்கிறது. அவர் மறுத்துவிட்டார். “சக்தி எல்லாம் வேண்டாம்க்கா. எந்தக் கல் எதுன்னு தடவிப் பாத்தாலே தெரிஞ்சாப் போதும்.” கோலிகளுக்குப் பதில் வடிவத்தால் வேறுபடும் கற்கள் வந்தன: சிவப்பு முக்கோணம், பச்சை சதுரம், இப்படி. கேரக்டர் தாளில் நிறப்பூச்சுக்குப் பக்கத்தில் நிறத்தின் பெயரும் எழுதப்பட்டது. செலவோ விவாதமோ தேவைப்படவில்லை. இருட்டில் நடக்கும் காட்சிகளில் எல்லாருக்குமே அது வசதியாக இருந்தது.

பின்பு நடந்தவை

மூன்றாவது மரபு ஒன்று ஆட்டத்துக்குள்ளிருந்தே முளைத்தது. நிறம் கல்லிலும் இல்லை, சுடரிலும் இல்லை, பார்க்கிற கண்ணில் இருக்கிறது என்று சொல்லும் கண் மரபு. தொடங்கியவர் கணக்காளர். அவருக்கு நான் கொடுத்த குறிப்புகளில் புர்கின்யே விளைவு இருந்தது. வெளிச்சம் மங்கும்போது கூம்பு செல்கள் ஓய்ந்து கோல் செல்கள் வேலையை ஏற்கின்றன. கூம்புகளின் உணர்திறன் உச்சம் 555 நானோமீட்டர் அருகில், கோல்களுக்கு 500 அருகில். அதனால் அந்தியில் முதலில் கருப்பது சிவப்பு. நீலமும் பச்சையும் பின்னும் சிறிதுநேரம் வெளிறித் தெரியும்.

இறுதி முற்றுகையில் சிவப்பு மடத்தின் கோட்டையைத் தாக்க வேண்டியிருந்தது. மற்றவர்கள் விடியலில் போகலாம் என்றார்கள். அவர் அந்திவரை காத்திருக்கச் சொன்னார். அக்கா ஒரு நொடி யோசித்து, சூரியன் இறங்க இறங்கச் சிவப்பு மந்திரத்தின் பகடை எண் குறைந்துகொண்டே போகும் என்று ஒப்புக்கொண்டார். கோட்டையின் கொடிகள் கருத்தன, நீல ஆடைக்காரர்கள் இன்னும் தெரிந்தார்கள், வாசல் விழுந்தது.

எல்லாம் நன்றாக முடியவில்லை. மாணவி அதற்கு முன்பே விலகியிருந்தார். அவுரிச் சடங்கு அவருக்குப் பிடித்தது. அதற்குப் பின் வந்த முப்பட்டக விளக்கமும் நத்தைக் கணக்கும் பிடிக்கவில்லை. “இது கேமா, கிளாஸா?” என்று கேட்டவர் அடுத்த செஷனுக்கு வரவில்லை, அழைத்தும் வரவில்லை. அவருடைய புகார் நியாயமானது. அந்த நாட்களில் மேசையில் விளக்கம் அதிகம், செயல் குறைவு. சுடர், சாயம் என்று பேசிய இருவரும் தங்கள் தொழில்களைப் பற்றி ஒருவருக்கொருவர் சொல்லி மகிழ்ந்த நேரத்தில், கேட்டுக்கொண்டிருப்பது மட்டுமே அவர் வேலையாக இருந்தது.

விதிநூல் முடிவில் ஆறு தாள்களாகச் சுருங்கியது. சினம், அமைதி அட்டவணை அதில் இல்லை. துறவிகள் அப்படி நம்புகிறார்கள் என்று கதையில் வரும், விதியாக வராது.

அடுத்த முறை மாற்றுவன

நிறத்தை வைத்து விதி எழுதும்போது முதலில் டார்ச்சையும் சாயத்தையும் மேசைக்குக் கொண்டு வந்து பார்த்துவிட்டு எழுதுவது என்று அக்கா முடிவுசெய்திருக்கிறார். யாருக்காவது நிறம் பிரிப்பதில் சிரமம் உண்டா என்பதை ஆட்டம் தொடங்குமுன் தனித்தனியாகக் கேட்டுவிடுவார். எல்லார் முன்னிலையிலும் டார்ச்சு வெளிச்சத்தில் தெரியவந்தது கணக்காளருக்குச் சங்கடமாக இருந்தது. யாராவது கேட்காதவரை எந்த அறிவியல் விளக்கமும் மேசையில் பேசப்படாது. அது கேரக்டர் கண்டுபிடிக்கும் செய்தியாகவோ, சடங்காகவோ வர வேண்டும். என் கருத்தில் இந்த மூன்றில் கடைசியே முக்கியம், காப்பாற்றக் கடினமும் அதுதான்.

கருப்பு மட்டும் இன்னும் தீரவில்லை. சுடர் மரபுக்கு அது எதுவும் இல்லாத நிலை, சாய மரபுக்கு எல்லாம் சேர்ந்த நிலை. ஆனால் அச்சகத்தில் மூன்று வண்ண மைகளையும் ஒன்றன்மேல் ஒன்று அடித்தாலும் நல்ல கருப்பு வராது, மங்கிய பழுப்புதான் வரும். அதற்காகவே கருப்பு மை தனியாகப் போகிறது என்று மை கலப்பவர் சொல்கிறார். அதனால் கருப்புக்குச் சபைக்கு வெளியே, எந்த மரபுக்கும் கட்டுப்படாத ஒரு மடம் அமைப்பதாகத் திட்டம். அதன் கல்லுக்கு என்ன வடிவம் என்று கணக்காளரிடம் கேட்டிருக்கிறார்கள்.